சிப்பிக் குவியலில் தொடங்குங்கள்: பினாங்கிலிருந்து ஆதிமனிதரைத் தேடிப் போகிறவர்களுக்கு

எழுத்தே இல்லாத காலத்தில் வாழ்ந்தவர்கள் என்ன சாப்பிட்டார்கள், எப்படி இருந்தார்கள் என்பதெல்லாம் எப்படித் தெரியும்? மலேசியாவில், பினாங்குத் தீவுக்கு எதிர்க்கரையான செபராங் பிறையில் நான் பிள்ளைகளையும் பெரியவர்களையும் தொல்லியல் இடங்களுக்கு அழைத்துப் போகும்போது முதலில் வருவது இந்தக் கேள்விதான். கேட்பவர்கள் நான் ஏதாவது புத்தகம் சொல்வேன் என்று எதிர்பார்ப்பார்கள். ஒரு தட்டு கெராங் (சேற்றில் கிடைக்கும் மட்டி) வாங்கிச் சாப்பிடுங்கள் என்றுதான் சொல்வேன். சாப்பிடாதவர்கள் பக்கத்து மேசையைப் பார்த்தாலும் போதும்.

பட்டர்வொர்த் பக்கம் இரவுக் கடைகளில் அவித்த கெராங் கிடைக்கும். தின்று முடித்ததும் எழுந்துவிடாமல் ஐந்து நிமிடம் தட்டைப் பாருங்கள். ஓடுகள் ஏறக்குறைய ஒரே அளவாக இருக்கும். சேற்றில் அள்ளியவர் பிஞ்சுகளை விட்டுவிட்டுப் பொறுக்கி எடுத்திருக்கிறார். எல்லா ஓடும் பிளந்திருக்கும், ஓரம் தேயாமல் கூர்மையாக இருக்கும். அலை ஒதுக்கிய சிப்பி அப்படி இருக்காது. அதில் பெரிசும் சிறிசும் கலந்து, உடைந்து, மணலில் உரசி வழவழப்பாகிக் கிடக்கும். ஒரு சிப்பிக் குவியலைக் கண்டால், இது கடல் சேர்த்ததா மனிதர் சேர்த்ததா என்று ஆய்வாளர்கள் பிரித்துப் பார்ப்பதும் இந்த வித்தியாசங்களை வைத்துத்தான்.

சிப்புட் செடுட் கிடைத்தால் இன்னும் நல்லது. அந்த நத்தையின் வால் நுனியைத் தட்டி உடைத்துவிட்டுத்தான் குழம்பில் போடுவார்கள். நுனி உடையாவிட்டால் எவ்வளவு உறிஞ்சினாலும் சதை வெளியே வராது. ஒரு குகைத் தரையில் நுனி உடைந்த நத்தை ஓடுகள் நூற்றுக்கணக்கில் ஒரே இடத்தில் கிடந்தால், யாரோ உட்கார்ந்து உறிஞ்சிச் சாப்பிட்டிருக்கிறார்கள் என்று அர்த்தம். அதைச் சொல்ல எழுத்து தேவைப்படவில்லை, பாருங்கள்.

இதைக் கண்ணால் பார்த்துப் பழகிய பிறகு வெளியே கிளம்பலாம்.

ஒரு நோட்டுப் புத்தகம், மூன்று பத்திகள்

சின்ன நோட்டுப் புத்தகம் ஒன்று வாங்கி, பக்கத்தை மூன்றாகக் கோடு போட்டுப் பிரியுங்கள். முதல் பத்திக்குக் ‘கண்டது’ என்று தலைப்பு. இரண்டாவது ‘கணக்கிட்டது’. மூன்றாவது ‘கருதியது’. எலும்பு மடங்கிக் கிடந்தது, கண்டது. அது இத்தனை ஆண்டு பழையது, கணக்கிட்டது. இறந்தவரை மதித்துப் புதைத்தார்கள், கருதியது.

அருங்காட்சியகப் பலகைகளில் இந்த மூன்றும் ஒரே வாக்கியத்தில் கலந்துதான் எழுதப்பட்டிருக்கும். நீங்கள் பிரித்து எழுத வேண்டும். மூன்றாவது பத்தியைத் தள்ளிவிடச் சொல்லவில்லை, சுவையான விஷயமெல்லாம் அதில்தான் இருக்கிறது. ஆனால் புதிதாக ஒன்று கிடைத்தால் முதலில் மாறப்போவதும் அதுதான். புதிதாக வருகிறவர்களுக்கு நான் தரக்கூடிய ஒரே உருப்படியான கருவி இந்த மூன்று பத்தி நோட்டுதான்.

முதல் பயணம்: குவார் கெப்பா

தீவில் இருப்பவர்கள் பாலத்திலோ பெரிப் படகிலோ கடலைத் தாண்டி வாருங்கள். செபராங் பிறையின் வடக்கே, கெப்பாலா பத்தாஸுக்கு அப்பால், பெனாகா பக்கம், மூடா ஆற்றுக்கு அருகில் குவார் கெப்பா இருக்கிறது. வடக்கத்தி மலாயில் ‘குவார்’ என்றால் மேடு. ‘கெப்பா’ ஒரு வகை மட்டி. ஊர்ப் பெயரே மட்டிமேடு. கீழடியில் தோண்டிய தென்னந்தோப்பைப் பள்ளிச்சந்தைத் திடல் என்றுதான் ஊரார் சொல்லிவந்தார்கள். மேடு, திடல் என்று ஒரு பெயர் காதில் விழுந்தால் எனக்கு உடனே கால் அரிக்கும்.

இங்கே பெரிய பெரிய சிப்பி மேடுகள் இருந்தன. 19ஆம் நூற்றாண்டில் ஜார்ஜ் வின்ட்சர் ஏர்ல் என்ற பிரிட்டிஷ் அதிகாரி அவற்றைப் பற்றி எழுதியபோதே, சுண்ணாம்பு சுடுவதற்காகச் சிப்பிகளை அள்ளிக்கொண்டு போய்க்கொண்டிருந்தார்கள். ஆயிரக்கணக்கான ஆண்டுகளாகச் சாப்பிட்டுச் சேர்த்த மேடு, சூளையில் வெந்து யார் யார் வீட்டுச் சுவரிலோ போய்ச் சேர்ந்துவிட்டது. அதை நினைக்கும்போதெல்லாம் மனசு வலிக்கிறது.

1934இல் வான் ஸ்டெயின் காலன்ஃபெல்ஸ் என்ற டச்சுத் தொல்லியலாளர் எஞ்சியதைத் தோண்டினார். குவார் கெப்பாவில் கிடைத்த மனித எலும்புகள் நெதர்லாந்தின் லெய்டன் நகரத்துக்குப் போயின. பிறகு பல்லாண்டுகள் யாரும் பெரிதாகக் கண்டுகொள்ளவில்லை. 2017இல் அந்த இடத்தில் காட்சிக்கூடம் கட்டத் தொடங்கியபோது மண்ணுக்குள்ளிருந்து ஓர் எலும்புக்கூடு வெளிப்பட்டது. மலேசிய அறிவியல் பல்கலைக்கழகத்தின் தொல்லியல் குழு அதை ஆய்வு செய்தது. வயது சுமார் 5,700 ஆண்டுகள். ‘பினாங்குப் பெண்’ என்று பெயர் வைத்தார்கள்.

போவதற்கு முன் திறந்திருக்கும் நாளையும் நேரத்தையும் கேட்டு உறுதி செய்துகொள்ளுங்கள். போனதும் நேரே உள்ளே நுழைந்துவிடாதீர்கள். முதலில் வெளியே நின்று கடல் எந்தப் பக்கம், எவ்வளவு தூரம் என்று கைப்பேசி வரைபடத்தில் பாருங்கள். இன்று கடல் சில கிலோமீட்டர் தள்ளி இருக்கிறது. இவ்வளவு தூரம் யார் சிப்பியைச் சுமந்து வந்திருப்பார்கள் என்று கேட்டுப் பாருங்கள். யாரும் சுமக்கவில்லை. ஐந்தாறாயிரம் ஆண்டுகளுக்கு முன் இந்தப் பக்கத்துக் கடல்மட்டம் இன்றைவிடச் சில மீட்டர் உயர்ந்திருந்தது. கரை உள்ளே வந்திருந்தது. இந்த மேடு அப்போது நீரோரம்.

அடுத்து, எலும்பு எப்படி மிஞ்சியது என்று கேளுங்கள். நம் நாட்டு மண் புளிப்பு மண். மழை கொட்டும், எலும்பு சீக்கிரம் கரைந்துபோகும். திறந்தவெளியில் இத்தனை ஆயிரம் ஆண்டு எலும்பு தாக்குப்பிடிப்பதே அபூர்வம். சிப்பி சுண்ணாம்புச் சத்து நிறைந்தது, அது மண்ணின் புளிப்பை முறித்துவிடும். சுற்றிக் கிடந்த சாப்பாட்டு மிச்சம்தான் அந்த அம்மாவின் எலும்பைக் காப்பாற்றியது. சுண்ணாம்புக்கல் குகைகளில் எலும்பு கிடைப்பதற்கும் இதே காரணம்தான். ஆக, குகையில் எலும்பு நிறையக் கிடைக்கிறது என்பதால் எல்லாரும் குகையில்தான் வாழ்ந்தார்கள் என்று நோட்டில் எழுதிவிடாதீர்கள். குகையில் இருந்தது மிஞ்சியது, அவ்வளவுதான்.

குவார் கெப்பாவில் சாப்பிட்டுப் போட்ட சிப்பிகளுக்கு நடுவிலேதான் இறந்தவர்களைப் புதைத்திருக்கிறார்கள். மண்பாண்டம், கல் கருவி, செந்நிறக் காவிக்கல் ஆகியவையும் கிடைத்தன. ஆங்கில நூல்களில் இந்த மாதிரி மேட்டைச் சமையலறைக் குப்பை என்ற பொருளில் சொல்வார்கள். எனக்கு அந்தச் சொல் ஒப்பவில்லை. பெற்றவர்களை யாரும் குப்பையில் புதைப்பதில்லை. அவர்களுக்கு அது ஊர்மேடாக, பாட்டன் பூட்டன் உட்கார்ந்து சாப்பிட்ட இடமாக இருந்திருக்கலாம். இது என்னுடைய மூன்றாவது பத்தியில் இருக்கிறது.

காலக்கணக்கு: இது மட்டும் தெரிந்தால் போதும்

5,700 ஆண்டு என்று எப்படிச் சொல்கிறார்கள்? உயிரோடு இருக்கும் எதுவும் காற்றிலிருந்தும் உணவிலிருந்தும் கார்பன்-14 என்ற அணுவைச் சேர்த்துக்கொண்டே இருக்கும். செத்ததும் வரவு நின்றுவிடும், செலவு மட்டும் நடக்கும். 5,730 ஆண்டுகளில் இருந்ததில் பாதி போய்விடும். மிச்சத்தை அளந்து, இறந்து எவ்வளவு காலம் ஆயிற்று என்று பின்னோக்கிக் கணக்குப் போடுகிறார்கள். ஏறக்குறைய 50,000 ஆண்டுகளுக்கு அப்பால் அளக்க மிச்சமே இருக்காது. அப்போது எரிமலைச் சாம்பல், உருகிய பாறை என்று வேறு வழி பார்க்க வேண்டும்.

இரண்டு எச்சரிக்கைகள். கடல்நீரில் பழைய கார்பன் கலந்திருக்கும். அதனால் கடல் சிப்பி தன் உண்மை வயதைவிடச் சில நூறு ஆண்டுகள் மூத்ததாகக் காட்டும், திருத்திக் கொள்ள வேண்டும். இன்னொன்று, தொல்லியல் அறிக்கைகளில் ‘இன்றைக்கு முன்’ என்று போட்டிருந்தால் அந்த ‘இன்று’ 1950ஆம் ஆண்டு.

இரண்டாம் பயணம்: லெங்கோங்

இதற்கு ஒரு முழு நாள் ஒதுக்குங்கள். பேராக் மாநிலத்தில், கோல கங்சாரிலிருந்து கிரிக் போகும் சாலையில் இருக்கிறது லெங்கோங் பள்ளத்தாக்கு. பிறையிலிருந்து விடிகாலையில் காரில் கிளம்பினால் நிதானமாகப் பார்த்துவிட்டு இருட்டும் முன் திரும்பலாம். 2012இல் யுனெஸ்கோ இதை உலகப் பாரம்பரிய இடமாக அறிவித்தது. குகைக்குள் நடக்க வழுக்காத செருப்பு, கைவிளக்கு, தண்ணீர். மழை பெய்த மறுநாள் போகாதீர்கள்.

கோத்தா தம்பானில் இருக்கும் அருங்காட்சியகத்தில் தொடங்குங்கள். அந்த ஊரே ஒரு பழைய கல் பட்டறைதான். கொல்லன் பட்டறையில் அடைகல், சம்மட்டி, சிதறிய துண்டு எல்லாம் கிடக்குமே, அப்படியே இங்கும் கிடந்திருக்கிறது. கீழே வைக்க ஒரு பெரிய கல், அடிக்க ஒரு கல், அடிபட்ட கூழாங்கல், தெறித்த சில்லுகள், பாதியில் விட்ட கருவி.

ஒரு சில்லைக் கிட்டே வைத்து விளக்குகிறேன், கண்ணாடிப் பெட்டிக்கு முன்னால் நின்று இதைத்தான் தேடப் போகிறீர்கள். அடி விழுந்த இடத்தில் சில்லின் உட்பக்கம் லேசாகப் புடைத்திருக்கும், விரல் வைத்தால் சின்னக் கொழுக்கட்டை மாதிரி தெரியும். அந்தப் புடைப்பிலிருந்து குளத்தில் கல் போட்ட மாதிரி அலை அலையாக வளையங்கள் விரியும். சில்லு பிரிந்த தாய்க்கல்லில் அதே அளவு குழி இருக்கும். ஆற்றில் உருண்டு தானாக உடைந்த கல்லில் இப்படி ஒரே கோணத்தில், வரிசையாக, பல குழிகள் அமைவது அரிது. கை அடித்திருக்கிறது. அடிக்கும்போது அடுத்த அடியை எங்கே போடுவது என்று யோசித்தும் இருக்கிறது.

இங்கே காலக்கணக்கு மாறிய கதையும் உண்டு. பட்டறையை எரிமலைச் சாம்பல் மூடியிருந்தது, அது சுமத்ராவின் தோபாவிலிருந்து வந்தது. முதலில் 31,000 ஆண்டு என்றார்கள். அந்தச் சாம்பல் சுமார் 74,000 ஆண்டுக்கு முந்திய பெருவெடிப்பைச் சேர்ந்தது என்று தெரிந்ததும் பட்டறையின் வயதும் இரண்டு மடங்குக்கு மேல் கூடிப்போனது. சாம்பல் என்பது கண்டது. எண் என்பது கணக்கிட்டது. மாறியது எண் மட்டும்தான், பட்டறை அங்கேயேதான் இருந்தது. பக்கத்தில் புக்கிட் பூனோவில், விண்கல் விழுந்து உருகிய பாறைக்குள் கிடைத்த கைக்கோடரிக்கு 18 லட்சத்து 30 ஆயிரம் ஆண்டு என்று 2009இல் அறிவித்தார்கள். அந்த எண்ணை எல்லா ஆய்வாளர்களும் ஏற்றுக்கொள்ளவில்லை. பென்சிலில் எழுதி வையுங்கள்.

அப்புறம், பேராக் மனிதர். லெங்கோங் போவதே இவரைப் பார்க்கத்தான் என்பேன். தொல்லியலாளர் சுரைனா மஜிட் தலைமையிலான குழு 1991இல் குனோங் ருந்து குகையில் இவரைக் கண்டெடுத்தது. பத்தாயிரம் ஆண்டுகளுக்கும் மேலாக, கால்களை மடக்கி, கருவில் கிடக்கும் குழந்தை மாதிரி படுத்திருந்தார். உயரம் ஏறத்தாழ 157 சென்டிமீட்டர். இறக்கும்போது நாற்பதைத் தாண்டியிருக்கிறார். இடக்கை பிறவியிலேயே ஊனம். விரல் எலும்பு வளராத ஒரு மரபுக்குறை என்று மருத்துவப் பெயரோடு கண்டுபிடித்தார்கள். அவரோடு கல் கருவிகளும் விலங்கு எலும்புகளும் வைக்கப்பட்டிருந்தன. ஆயிரக்கணக்கான ஆற்று நத்தை ஓடுகள் இருந்தன.

நம் வீட்டில் பெரியவர் தவறினால் அவருக்குப் பிடித்ததைப் படைக்கிறோம். அந்த நத்தைகளைப் பார்க்கும்போது எனக்கு அதுதான் ஞாபகம் வரும். ஆனால் நோட்டுக்குத் திரும்புவோம். கை ஊனம், கண்டது. நாற்பதுக்கு மேல் வயது, பல் தேய்மானத்தையும் எலும்பையும் வைத்துக் கணக்கிட்டது. கூட்டம் அவரைப் பராமரித்தது, மதிப்பான நிலையில் வைத்திருந்தது என்பது கருதியது. வேட்டையாடி அலைந்த கூட்டத்தில் ஒரு கை சரியில்லாதவர் அவ்வளவு காலம் வாழ்ந்து, இவ்வளவு பொருளோடு புதைக்கப்பட்டார் என்றால் அந்தக் கருத்து வலுவானது என்றே நான் நினைக்கிறேன். ஆதிமனிதன் என்றால் காட்டுமிராண்டி என்று படம் போட்டுக் காட்டுகிறார்களே, அவர்களை இந்தப் பெட்டிக்கு முன்னால் ஒரு பத்து நிமிடம் நிறுத்த வேண்டும்.

2004இல் இதே பள்ளத்தாக்கின் தெலுக் கெலாவார் குகையில் ஒரு பெண்ணின் எலும்புக்கூடும் கிடைத்தது. நேரம் இருந்தால் அதைப் பற்றியும் கேளுங்கள்.

கோலாலம்பூர்க்காரர்களுக்கு

உங்களுக்கு வேலை சுலபம். எம்ஆர்டி ரயிலில் தேசிய அருங்காட்சியக நிலையத்திலேயே இறங்கலாம், கேஎல் சென்ட்ரலில் இருந்து நடந்தும் வரலாம். உள்ளே முதல் கூடம்தான் நமக்கு வேண்டியது. மற்ற கூடங்களை இன்னொரு நாளுக்கு வைத்துக்கொள்ளுங்கள், எல்லாவற்றையும் ஒரே மூச்சில் பார்த்தால் எதுவும் மனதில் நிற்காது.

சிலாங்கூரிலேயே டிங்கில் பக்கம் ஜெண்டெராம் ஹிலிரில், ஈய லம்பத்தில் (சுரங்கத்தில்) மண்ணை வாரியபோது மூன்று கால் மண்பானைகளின் துண்டுகள் வெளிவந்தன. புதிய கற்காலத்தவை. கால்கள் உள்ளே கூடாக இருக்கும், ஒவ்வொரு காலிலும் சின்ன ஓட்டை இருக்கும். சூளையில் சூடேறும்போது உள்ளே அடைபட்ட காற்றும் ஆவியும் வெளியேற வழி வேண்டும், இல்லாவிட்டால் கால் வெடித்துவிடும். அந்த ஓட்டையைப் போடுவதற்கு முன் எத்தனை பானை வெடித்திருக்கும், எத்தனை முறை திட்டு வாங்கியிருப்பார்கள் என்று நினைத்துப் பாருங்கள். மூன்று கால் எதற்கு என்றால், நேரே தீயின் மேல் நிறுத்த. அடுப்புக்கு மூன்று கல் வைத்துச் சமைத்தவர்களின் பேரப்பிள்ளைகளுக்கு இதை விளக்கவே வேண்டாம்.

பத்து மலைக்குத் தைப்பூசத்துக்குப் போகாத தமிழ்க் குடும்பம் இங்கே குறைவு. அந்தச் சுண்ணாம்புக் குன்றின் குகை ஒன்றில் ஓராங் ஊத்தான் குரங்கின் பற்கள் புதைபடிவமாகக் கிடைத்து, 2013இல் ஆய்வாக வெளிவந்தன. தீபகற்பத்தில் இன்று காட்டு ஓராங் ஊத்தான் ஒன்றுகூட இல்லை. ஆனால் ஒரு காலத்தில் இங்கே இருந்திருக்கின்றன. அடுத்த முறை படியேறும்போது பிள்ளைகளிடம் சொல்லுங்கள்.

காணாமல் போனதைக் கணக்கில் எடுங்கள்

பெட்டிகளில் கல்லாகவே இருப்பதால் அவர்கள் வாழ்க்கையே கல்லாக இருந்தது என்று தோன்றிவிடும். மூங்கில், பிரம்பு, இலை, தோல், கயிறு எதுவும் இந்த ஈரத்தில் மிஞ்சாது. மூங்கில் குழாயில் சமைத்திருக்கலாம், மூங்கில் சிம்பைக் கத்தியாக்கி இருக்கலாம். சில நேரம் கல்லே போன பொருளைக் காட்டிக் கொடுக்கும். கோடு கோடாகச் செதுக்கிய ஒரு வகைக் கல் கிடைக்கிறது, மரப்பட்டையை அடித்து மெத்தென்று துணியாக்குவதற்கானது. துணி போய்விட்டது, அடித்த கல் இருக்கிறது. ஈப்போ நகரத்துக்குப் பெயர் தந்த ஈப்போ மரத்தின் பட்டையிலும் இந்நாட்டுப் பழங்குடிகளான ஓராங் அஸ்லி மக்கள் துணி செய்திருக்கிறார்கள். அதற்காக ஓராங் அஸ்லிகளைக் கற்கால மக்கள் என்று பேசுவது தவறு. நம்மைப் போலவே இந்த நூற்றாண்டில் வாழ்கிறவர்கள் அவர்கள்.

இன்னொரு குழப்பத்தையும் இங்கேயே தீர்த்துவிடலாம். கடாரம் என்றதும் நம்மவர்கள் ஆவலாகக் கெடாவில் இருக்கும் பூஜாங் பள்ளத்தாக்குக்குக் கிளம்பிவிடுகிறார்கள். கட்டாயம் போக வேண்டிய இடம். ஆனால் அது இரும்பு உருக்கி, கப்பலில் வணிகம் செய்து, கல்வெட்டும் வைத்த காலம். குவார் கெப்பா அம்மாவுக்கும் அதற்கும் இடையே மூவாயிரம் ஆண்டுகளுக்கு மேல் இருக்கிறது. இரண்டையும் ஒரே பக்கத்தில் எழுதாதீர்கள்.

கையில் ஏதாவது தட்டுப்பட்டால்

பள்ளி நாட்களில் ஒரு குகை வாசலில் வழவழப்பான சின்னக் கல் கோடரி ஒன்றைப் பார்த்தேன். எடுத்துப் பையில் போட்டு, வீட்டுக்கு வந்து சோப்புப் போட்டுத் தேய்த்துக் கழுவினேன். பல ஆண்டுகள் கழித்து விவரம் தெரிந்த ஒருவரிடம் காட்டியபோது அவர் கேட்டது ஒரே கேள்வி: “எங்கே, எந்த மண்ணில், பக்கத்தில் என்ன கிடந்தது?” எனக்குச் சொல்லத் தெரியவில்லை. விளிம்பில் ஒட்டியிருந்த மண்ணையும் நானே கழுவிவிட்டேன். அது இன்று வெறும் கல். அந்தக் காலத்து மலாய்க் கம்பங்களில் (கிராமங்களில்) இப்படிப்பட்ட கோடரிகளை இடி விழுந்த இடத்தில் கிடைக்கும் கல் என்று நம்பி ‘பத்து லிந்தார்’ என்று பத்திரமாக வைத்திருந்தார்கள். அவர்களுக்காவது அதன் அருமை தெரிந்திருந்தது.

ஆகையால் தொடாதீர்கள். கிடக்கிற நிலையிலேயே படம் எடுங்கள், அளவு தெரிய ஒரு இருபது காசைப் பக்கத்தில் வையுங்கள். சற்றுத் தள்ளி நின்று சுற்றுப்புறமும் தெரிகிற மாதிரி இன்னொரு படம். கைப்பேசியில் இடத்தைக் குறித்துக்கொள்ளுங்கள். 2005ஆம் ஆண்டின் தேசியப் பாரம்பரியச் சட்டப்படி, கண்டெடுத்ததைப் பாரம்பரிய ஆணையரிடமோ மாவட்ட அதிகாரியிடமோ தெரிவிக்க வேண்டும். அனுமதி இல்லாமல் தோண்டுவது குற்றம். மாவட்ட அலுவலக முகப்பில் முதலில் புரியாமல் விழிக்கலாம், படத்தைக் காட்டிப் பொறுமையாகச் சொல்லுங்கள். எழுத்து மூலம் கொடுத்து, பெற்றுக்கொண்டதாக முத்திரை குத்திய நகல் ஒன்றைக் கேட்டு வாங்கி, அந்த நோட்டுப் புத்தகத்திலேயே ஒட்டி வைத்துக்கொள்ளுங்கள்.